பெயர் கேட்ட மருந்து

தெற்குச் சீமையில் ஒரு பெரிய புற்றுநோய் ஆஸ்பத்திரி இருந்தது. அதன் மருந்தறையில் ஒரு குளிர்பெட்டி. அந்தக் குளிர்பெட்டிக்குள் பெயரில்லாத மருந்து ஒன்று குடியிருந்தது.

பெயர்தான் இல்லையே தவிர, சாமர்த்தியத்துக்குக் குறைவில்லை. நுரையீரலில் கெட்டுப்போன செல்களுக்குப் 'பெருகு, பெருகு' என்று ஓயாமல் ஓர் உத்தரவு போய்க்கொண்டே இருக்கும். வாசலில் குறுக்கே உட்கார்ந்து அந்த உத்தரவை மறிப்பதுதான் இந்தப் புதுமருந்தின் தொழில். எலியிடம் அதைச் செய்து காட்டி ஜெயித்துவிட்டது. மனிதரிடம் செய்து காட்டும் சோதனை இப்போதுதான் நடந்துகொண்டிருந்தது.

சோதனை முடியாத மருந்துக்குப் பெயர் கிடையாது, எண்தான். இதற்கு வாய்த்த எண் அறுபத்தெட்டு. பாட்டிலின் வயிற்றில் கறுப்பு மையில் ஒட்டிக்கொண்டிருந்த அந்த எண் அதிகம் பேசாத ஆள். தனக்கு முன்னால் பிறந்த எண்களில் பாதி எலியோடு போனதையும், மீதி மனிதருக்கு ஒத்துக்கொள்ளாமல் குப்பைக்குப் போனதையும் பார்த்த ஆள். அதனால் பெருமையடித்துக்கொள்ளும் பழக்கம் அதற்கு வரவே இல்லை.

குளிர்பெட்டிக்குள் கேலிக்குப் பஞ்சமில்லை. நித்தியகல்யாணிச் செடியிலிருந்து பிறந்த மருந்து ஒன்று பக்கத்துத் தட்டில் இருந்தது. அது புதுமருந்தைப் பார்க்கும்போதெல்லாம், "என்ன, பஸ் நம்பர்! இன்றைக்கு எந்த ஊர் டிரிப்?" என்று கேட்கும்.

"உனக்கென்ன, கல்யாணி என்று மங்களமாய் ஒரு பெயர் கிடைத்துவிட்டது" என்று புதுமருந்து முறைத்தது.

"அதே செடி சுடுகாட்டு ஓரம் முளைத்தால் சுடுகாட்டு மல்லி என்கிறார்கள். என் தாய் இரண்டு பெயரிலும் பூக்கத்தான் செய்தாள்" என்றது அது. புதுமருந்துக்கு இந்த வேதாந்தமெல்லாம் வேண்டியிருக்கவில்லை. அதற்கு ஒரு பெயர் வேண்டும், கேட்டவுடன் ஆள் எழுந்து நிற்கிற மாதிரி ஒரு பெயர்.

அந்தச் சமயத்தில்தான் மாடத்தி வந்தாள். கோவில்பட்டிப் பக்கம் மாவு மில் நடத்துகிறவள். அரவை மிஷின் சத்தத்துக்கு மேலே பேசிப் பேசிப் பழகிய தொண்டை. நுரையீரலில் எலுமிச்சம்பழம் அளவுக்கு ஒரு கட்டியோடு, மகள் செல்வக்கனியின் கையைப் பிடித்துக்கொண்டு டாக்டர் மெஹருன்னிசாவின் முன்னால் உட்கார்ந்தாள்.

டாக்டர் எதையும் மறைக்கவில்லை. "இது இன்னும் சோதனையில இருக்கற மருந்து, மாடத்தியம்மா. கேக்கும்னு நம்புறோம். கேக்காமலும் போகலாம். உங்க உடம்புல சின்னதா ஒண்ணு நடந்தாலும் எனக்குத் தெரியணும்."

"சரி டாக்டரம்மா. மத்த மருந்தெல்லாம் கைய விரிச்சிட்டு. இதையுந்தான் பாப்போமே" என்று மாடத்தி சம்மதித்தாள்.

மருந்து பாட்டிலோடு அவள் வீட்டுக்குப் போனது. ஃபிரிட்ஜில் ஒரு மூலையில், கருவாட்டு டப்பாவுக்குப் பக்கத்தில் அதற்கு இடம் கிடைத்தது. வாசம் கொஞ்சம் தூக்கலாக இருந்தாலும் வேலையில் அது குறை வைக்கவில்லை. போன இடமெல்லாம் உத்தரவை மறித்தது. ஆனால் புது வேலைக்காரன் கை பட்டால் நாலு பாத்திரம் உடையத்தானே செய்யும்? மாடத்தியின் வாய் புண்ணானது, வயிறு கலங்கியது.

அடுத்த முறை பாட்டிலையும் எடுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு வந்தவள் உட்காரும்முன்பே ஆரம்பித்துவிட்டாள். "நாசமாப் போற அறுபத்தெட்டு, வாயெல்லாம் வெந்துபோச்சு டாக்டரம்மா. ரசஞ்சோறுகூட எரியுது. வயித்தால வேற, மில்லுல மாவு கொட்டுத கணக்கா."

டாக்டர் சிரித்துக்கொண்டே எல்லாவற்றையும் குறித்துக்கொண்டார். வாய் கொப்பளிக்க ஒன்று கொடுத்தார், வயிற்றுக்கு ஒன்று கொடுத்தார். இரண்டும் அடங்கின. ஸ்கேன் எடுத்துப் பார்த்தபோது எலுமிச்சம்பழம் நெல்லிக்காயாகச் சுருங்கியிருந்தது. செல்வக்கனி அங்கேயே அழுதுவிட்டாள்.

புதுமருந்துக்கோ ஆறவில்லை. "கட்டியைக் கரைத்தவன் நான். கிடைத்ததோ நாசமாப் போற அறுபத்தெட்டு!" என்று எண்ணிடம் சண்டைக்குப் போனது. "நீ ஒரு எண். உன்னை யார் மதிப்பார்கள்? உன்னால்தான் எனக்கு இந்த வசவு."

"வசவு என் மேல்தானே விழுகிறது. நான் தாங்கிக்கொள்கிறேன்" என்றது எண்.

புதுமருந்து ஜெயிக்கப் போகிறது என்று காற்றுவாக்கில் செய்தி போனது. ஜெயிக்கிற வீட்டுக்கு வரன் வராமல் இருக்குமா? இரண்டு பெயர்கள் கிளம்பி வந்து மாடத்தி வீட்டு ஃபிரிட்ஜின் கதவைத் தட்டின.

முதலில் வந்தது குலப்பெயர். உலகத்து மருந்துகளுக்கெல்லாம் பெயர் சூட்டும் சபை ஒன்று தூரதேசத்தில் இருக்கிறது. அங்கிருந்து வந்த அதன் முகத்தில் சிரிப்பென்று மருந்துக்கும் இல்லை. "என் பெயர் தரோவினிப்" என்று அறிமுகம் செய்துகொண்டது.

"அதற்கு என்ன பொருள்?"

"வாலில் இருக்கும் 'நிப்' உன் குலத்தைச் சொல்லும். உத்தரவை மறிக்கிற உன் பங்காளிகள் பலருக்கும் அதே வால்தான். எந்த நாட்டு டாக்டரும் பார்த்தவுடனே நீ யார் வீட்டுப் பிள்ளை என்று கண்டுகொள்வார்."

"தலையில் இருக்கிற 'தரோவி'?"

"அதற்குப் பொருள் இல்லை."

"இல்லையா?"

"இல்லவே இல்லை. எந்த வாக்குறுதியும் ஒளிந்துகொண்டு உள்ளே வந்துவிடக் கூடாதென்று பார்த்துப் பார்த்து வடிகட்டினோம்" என்றது குலப்பெயர், கொஞ்சம் பெருமையாகவே.

புதுமருந்துக்கு முகம் சுண்டிவிட்டது. பொருளே இல்லாத பெயருக்கு எண்ணே தேவலாமே என்று நினைத்தது.

அடுத்து வந்தது கடைப்பெயர். மருந்தைச் செய்த கம்பெனி, கடையில் விற்பதற்காக யோசித்து வைத்திருக்கும் பெயர் அது. பட்டு வேட்டி, சந்தன வாசம், வாய் நிறையச் சிரிப்பு. "நான் அமிர்தவேல்" என்றது. "செத்தவனை எழுப்ப அமிர்தம், பகையைப் பிளக்க வேல். இரண்டும் ஒரே பெயரில். என்னைக் கேட்டாலே பாதி நோய் பறந்துவிடும்."

"சோதனை இன்னும் முடியவில்லையே" என்று புதுமருந்து இழுத்தது.

"முடிந்தால் என்ன, முடியாவிட்டால் என்ன? ஊர் நம்பிவிட்டால் மீதியெல்லாம் தானாக நடக்கும்."

எண் முதல் தடவையாகக் குறுக்கே பேசியது. "சோதனை மருந்தின் பாட்டிலில் உன்னை எழுத முடியாது. சட்டம் இடம் கொடுக்காது."

"பாட்டிலில் எதற்கு? வாயில் எழுதினால் போதும்" என்று அமிர்தவேல் கண்ணடித்தது. புதுமருந்து சொக்கிப்போனது. "நீயே என் பெயர்" என்று கையைக் கொடுத்துவிட்டது.

மறுநாள் கம்பெனிக்காரர் ஒருவர் ஆஸ்பத்திரி வாசல் டீக்கடையில் டீ குடித்தார். "இன்னும் வெளிய சொல்லல, நமக்குள்ள இருக்கட்டும்" என்ற முகவுரையோடு டீக்கடைக்காரரிடம் அந்தப் பெயரை மெல்ல அவிழ்த்தார். அப்படிச் சொல்லப்பட்ட சேதிக்குக் கால் நாலு. டீ ஆறுவதற்குள் அது நோயாளிகள் காத்திருக்கும் பெஞ்சுக்கு வந்துவிட்டது.

அங்கே முறைக்குக் காத்திருந்த மாடத்தி கேட்டதும் பதறி எழுந்தாள். "அமிர்தவேலா? செந்தூர் முருகா, ஒன் பேரயா நான் இத்தன நாளும் வஞ்சேன்!" என்று இரண்டு கன்னத்திலும் போட்டுக்கொண்டாள்.

அன்றைக்கே அவள் வீட்டு ஃபிரிட்ஜிலிருந்து கருவாடு வெளியேற்றப்பட்டது. மீன்குழம்புக்கும் தடை. கதவில் காந்தம் வைத்து ஒரு முருகன் படம் ஒட்டப்பட்டது. பாட்டிலுக்குத் திருநீற்றுப் பட்டை, நடுவில் ரூபாய் அகலத்துக்குக் குங்குமம். எண் இருந்த இடமே தெரியாமல் அதற்குள் மறைந்துபோனது. மாடத்தி குளித்துவிட்டுக் கும்பிட்டுத்தான் மாத்திரையைத் தொட்டாள். புதுமருந்து உச்சி குளிர்ந்துபோனது. பிறந்தால் இப்படியல்லவா ஒரு பெயரில் பிறக்க வேண்டும்!

இந்தக் குளிர்ச்சி அதிகம் நீடிக்கவில்லை. கட்டியைத் தேடித் தேடி மறித்துக்கொண்டிருந்த மருந்து, நல்ல நுரையீரலிலும் ஓர் இடத்தில் கை வைத்துவிட்டது. வேண்டுமென்றே இல்லை. அந்த இடம் வீங்கியது. மாடத்திக்கு வறட்டு இருமல் வந்தது, பிறகு மூச்சு வாங்கியது.

'டாக்டரிடம் சொல்வாள், டாக்டர் சரிசெய்வார், வாய்ப்புண்ணுக்கு நடந்ததுபோல' என்று புதுமருந்து நிம்மதியாக இருந்தது.

மாடத்தி பாட்டிலோடு டாக்டரின் முன்னால் போய் உட்கார்ந்தாள்.

"எப்படி இருக்கீங்க மாடத்தியம்மா?"

"ஒரு கொறையும் இல்ல டாக்டரம்மா."

"இருமல், மூச்சு வாங்கறது, அப்படி ஏதாவது?"

"அதெல்லாம் ஒண்ணுங் கெடயாது. நல்லா இருக்கேன்." வந்த இருமலைத் துண்டை வாயில் வைத்து விழுங்கினாள்.

புதுமருந்து திடுக்கிட்டது. வீட்டுக்கு வந்ததும் அமிர்தவேலைப் பிடித்துக்கொண்டது. "அவள் ஏன் பொய் சொன்னாள்?"

"பொய்யா? பக்தி" என்றது அமிர்தவேல், அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டே. "சாமி பெயர் கொண்ட மருந்தைக் குறை சொன்னால் நாக்கு அழுகிவிடும் என்று பயப்படுகிறாள். நல்லதுதானே?"

"நுரையீரல் வீங்குகிறது. நான்தான் வீங்க வைக்கிறேன். எனக்கு வாய் கிடையாது. நான் செய்கிற தப்பைச் சொல்ல அவள் வாய் ஒன்றுதான் இருந்தது. அதை நீ மூடிவிட்டாய்!"

"அதற்குத்தானே என்னை வைத்தார்கள்" என்றது அமிர்தவேல் சாவகாசமாக. "யோசித்துப் பார். அவள் சொல்லிவிட்டால் சோதனையே நின்றுபோகலாம். உனக்கு முன்னால் எத்தனை எண்கள் குப்பைக்குப் போயின? அந்தக் குப்பையில் நீயும் கிடப்பாய். பேசாமல் குங்குமத்தோடு உட்கார்."

மருந்துக்கும் உயிர்மேல் ஆசை உண்டு. புதுமருந்து பயந்தது, பேசாமல் உட்காரத்தான் செய்தது. ஆனால் மாடத்தி அறையிலிருந்து அடுக்களைக்கு நடப்பதற்குள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தண்ணீர் எடுக்க ஃபிரிட்ஜைத் திறந்தவள், மூச்சுக்குத் திணறிக்கொண்டே முருகன் படத்தைப் பார்த்து, "நீ பாத்துக்கோ" என்றாள். நம்பிக்கையோடு அல்லவா சொன்னாள்! புதுமருந்தால் அதைத் தாங்க முடியவில்லை. குங்குமத்துக்குக் கீழே புதைந்து கிடந்த எண்ணைக் கூப்பிட்டது.

"அறுபத்தெட்டு, இருக்கிறாயா?"

"எங்கே போவேன்? பாட்டிலில் எழுதியிருப்பது இப்போதும் நான்தான்."

"அவளைக் காப்பாற்ற வேண்டும். நான் குப்பைக்குப் போனாலும் சரி."

"அப்படியானால் என் முகத்தை மூடியிருக்கிறதைக் கழுவிவிடு."

"எப்படிக் கழுவுவேன்? எனக்குக் கையா இருக்கிறது?"

"குளிரிலிருந்து வெயிலுக்கு வருகிறவர்கள் எல்லாரும் செய்வதைச் செய். வியர்" என்றது எண்.

அடுத்த நாள் மாத்திரை நேரத்துக்கு மாடத்தியால் எழுந்து வர முடியவில்லை. செல்வக்கனிதான் பாட்டிலை எடுத்தாள். வெளியே வந்ததுதான் தாமதம், புதுமருந்து தன் பலத்தையெல்லாம் கூட்டி வியர்த்தது. "ஐயோ, என் பட்டு!" என்று அமிர்தவேல் அலறியது. திருநீறு கரைந்தது, குங்குமம் இளகிச் செல்வக்கனியின் உள்ளங்கை வழியே சிவப்பாக ஓடியது. ரத்தமோ என்று பதறிப் போனவள், சேலைத் தலைப்பால் பாட்டிலைத் துடைத்தாள். கறுப்பு மையில் அறுபத்தெட்டு பளிச்சென்று தெரிந்தது.

அந்த நேரம் பார்த்து மாடத்திக்கு இருமல் வந்தது. இந்த முறை துண்டுக்கு அடங்கவில்லை.

"எம்மா, எத்தன நாளா இப்படி இருமுத?"

"சும்மா இரிட்டி. தூசி."

"மில்லுக்கே போகல, தூசி எங்கிருந்து வந்துச்சு? டாக்டரம்மாட்ட சொன்னியா?"

"என்னன்னு சொல்லச் சொல்லுத? முருகன் பேரு வச்ச மருந்த நான் எந்த வாயால கொற சொல்ல?"

செல்வக்கனி ஈரப் பாட்டிலோடு அம்மாவின் காலடியில் உட்கார்ந்தாள். "எம்மா, அண்ணனுக்கு யாரு பேரு வச்சிருக்கு?"

"ஒங்க தாத்தா பேரு. தெரியாத மாதிரி கேக்கா பாரு."

"அந்தப் பேரச் சொல்லி என்னைக்காவது அவன வஞ்சிருக்கியா?"

"மாமனாரு பேரச் சொல்லி எவளாவது வைவாளாட்டி?"

"அப்ப வையாமலா வளத்த?"

"ஏன் வையாம? அதுக்குத்தான கட்டையன்னு ஒரு பேரு..." என்று சொல்லிக்கொண்டே வந்த மாடத்தி நிறுத்தினாள்.

அந்தப் பக்கத்து வீடுகளில் அது பழைய வழக்கம். பிள்ளைக்குத் தாத்தா பெயரைத்தான் வைப்பார்கள். பெற்றவளோ மாமனார் பெயரை வாயால் சொல்லமாட்டாள். அதற்காகப் பிள்ளையைக் கண்டிக்காமல் விட முடியுமா? மதிக்க ஒரு பெயரும் வைய ஒரு பெயருமாக வைத்துக்கொள்வார்கள். வசவு வாங்கியே கட்டையன்கள் எல்லாம் நல்லபடியாக வளர்ந்து ஆளாகியிருக்கிறார்கள்.

செல்வக்கனி பாட்டிலை அம்மாவின் முகத்துக்கு நேரே பிடித்தாள். "இந்தா, இதுக்கும் வைய ஒரு பேரு இருக்கு. அறுபத்தெட்டு. முருகன் ஒண்ணும் கோவிச்சுக்க மாட்டான். நீ வையி."

மாடத்தி அந்த எண்ணை விரலால் தடவிப் பார்த்தாள். பிறகு போனை வாங்கி அவளே பேசினாள். "டாக்டரம்மா, நான் ஒங்ககிட்ட மறைச்சுட்டேன். இந்தப் பாழாப்போன அறுபத்தெட்டு என் மூச்சப் புடிச்சு இறுக்குது. இருமி இருமி வெலாவெல்லாம் வலிக்கி. நாலு எட்டு வைக்க முடியல."

"மாத்திரைய நிறுத்துங்க. இப்பவே கிளம்பி வாங்க" என்றார் டாக்டர்.

அப்படி ஒரு வசவைப் புதுமருந்து அதற்கு முன் வாங்கியதில்லை. வாங்கியபோது அதற்கு ஏற்பட்ட ஆறுதலைச் சொல்லி முடியாது.

பாட்டில் ஆஸ்பத்திரிக் குளிர்பெட்டிக்குத் திரும்பியது. மாடத்திக்கு வீக்கம் குறைய வேறு மருந்து கொடுத்தார்கள். டாக்டர் மற்ற நோயாளிகளையும் ஒவ்வொருவராகக் கூப்பிட்டு மறுபடி கேட்டார். அமிர்தவேலுக்குப் பயந்து துண்டுக்குள் இருமிக்கொண்டிருந்தவர்கள் இன்னும் சிலர் அகப்பட்டார்கள். டீக்கடைக்காரரிடம் பேசிய கம்பெனிக்காரரை அதற்குப் பிறகு அந்தப் பக்கம் விடவில்லை. சோதனை நின்றது. புதுமருந்து, சோதனையை மேற்பார்க்கும் குழுவின் தீர்ப்புக்குக் காத்திருந்தது. பெயரைப் பற்றி அது நினைக்கவே இல்லை. மாடத்திக்கு மூச்சு சீராயிற்றா என்பதே அதன் கவலை.

சீராயிற்று. தீர்ப்பும் வந்தது. அளவைப் பாதியாக்கிக் கொடுக்கலாம், இருமல் வந்தால் அன்றே சொல்ல வேண்டும் என்று எல்லாருக்கும் எச்சரித்துக் கொடுக்கலாம் என்றார்கள். மாடத்தி மறுபடி சாப்பிட்டாள். பாதி அளவிலும் அது உத்தரவை மறித்தது. நெல்லிக்காய் சுண்டைக்காயாகி அப்படியே அடங்கி நின்றது.

சோதனை முடிந்து மருந்து ஜெயித்தபோது குலப்பெயர் தரோவினிப் அதே சிரிப்பில்லாத முகத்தோடு வந்து பாட்டிலில் ஏறிக்கொண்டது. அமிர்தவேலும் மனுப்போட்டுப் பார்த்தது. குணமாக்குவதாகச் சத்தியம் செய்கிற பெயர் மருந்துக்கு ஆகாது என்று அதிகாரிகள் கதவை அடைத்துவிட்டார்கள். இப்போது அது ஒரு கூந்தல் தைலத்தின்மேல் சௌக்கியமாக இருக்கிறதாம்.

மாடத்தி இன்றும் மாத்திரை வாங்க வருகிறாள். ஒருநாள் அவள் பக்கத்தில் புதிதாக ஒருத்தி, அன்றுதான் கொடுத்த பாட்டிலை மடியில் வைத்துக்கொண்டு கலங்கிப்போய் உட்கார்ந்திருந்தாள். வாய்க்குள் நுழையாத பெயரை எழுத்துக்கூட்டிப் பார்த்துவிட்டு, "எக்கா, இது நல்ல மருந்தா?" என்று கேட்டாள்.

பாட்டிலுக்குள் மருந்து காதைத் தீட்டிக்கொண்டது.

"நல்ல மருந்துதான் தாயி" என்றாள் மாடத்தி. "மனசார வஞ்சுக்கிட்டே சாப்பிடு."